பலவேசத்தின் வயலும் கன்டினியுட்டியும்

தமிழ் சினிமாவின் வரலாற்றை இனிமேல் கி.மு., கி.பி. என்று இரண்டாகப் பிரிக்க வேண்டும் என்பதை இதன்மூலம் சகலருக்கும் அறிவித்துக்கொள்கிறேன். கிங்ஸ்லிக்கு முன், கிங்ஸ்லிக்குப் பின்.

இந்த அறிவிப்பைக் கல்லிடைக்குறிச்சி 'தாமிரபரணி உலகத் திரைப்படக் கழக'த்தின் செயலாளர் என்ற முறையில் வெளியிடுகிறேன். கழகத்தில் உறுப்பினர்கள் பதினோரு பேர். இரண்டாவது ஞாயிறுதோறும் ஓர் அப்பளக் கம்பெனியின் மாடியில் கூடுவோம். ஈரானியப் படமானாலும் போலந்துப் படமானாலும் எங்களுக்கு அதில் உளுந்து மாவு வாசனைதான் அடிக்கும். மற்ற நாட்களில் நான் கடைத்தெருவில் பம்ப்செட் மோட்டாருக்குக் காயில் கட்டுகிறேன். கலைக்குச் சம்பந்தமில்லாத இந்தத் தகவலை எதற்குச் சொல்கிறேன் என்றால், பின்னால் அது தேவைப்படும்.

கிங்ஸ்லி திசையன்விளைக்காரர். செம்மண்ணும் பனையும் பார்த்து வளர்ந்தவர். நெல் வயலை அவர் முதன்முதலில் பார்த்தது இருபத்திரண்டாம் வயதில், சென்னைக்குப் போகிற ரயிலின் ஜன்னல் வழியாக. ஒரு பொருளைப் பற்றிப் படமெடுக்க அதற்கும் கலைஞனுக்கும் இடையே ஒரு தூரம் வேண்டும் என்று பின்னாளில் அவரே விளக்கியிருக்கிறார்.

சென்னையில் பதினெட்டு ஆண்டுகள் திரைக்கதை எழுதினார். ஒன்பது படங்கள். அவர் எழுத்தில் கதாநாயகன் தோற்றுத் தலைகுனிந்து நடந்து போவான். திரையில் அதே ஆள் ஹெலிகாப்டரில் வந்து இறங்குவான். அவர் எழுத்தில் செத்துப்போகிற தாயார், திரையில் பிழைத்தெழுந்து கடைசிப் பாட்டில் கைதட்டிக்கொண்டிருப்பார். ஒன்பது படத்திலும் ஒன்பது இயக்குநர்கள் ஒன்பது கிளைமாக்ஸை மாற்றினார்கள். கடைசியில் நாற்பதாம் வயதில், இனி என் எழுத்தில் எவனும் கை வைக்க முடியாது என்று சபதமெடுத்து, தானே இயக்குநராகிவிட்டார். அதுவும் 'சுயாதீன' இயக்குநர். தயாரிப்பாளர் கிடையாது, நட்சத்திரம் கிடையாது, பார்வையாளரும் கட்டாயமில்லை. இதைவிடச் சுதந்திரம் ஒரு மனிதனுக்கு வேறென்ன வேண்டும்?

படத்தின் பெயரை எங்கள் மாடியில்தான் முதலில் அறிவித்தார். 'ஒரு வயலின் மௌனம்.'

கழகத் தலைவர் சிராஜுதீன், தபால் இலாகாவில் ஓய்வு பெற்றவர், எதையும் தெளிவுபடுத்திக்கொள்ளாமல் கையெழுத்துப் போடாதவர், கையைத் தூக்கினார்.

"கச்சேரி பத்தின படமா?"

கிங்ஸ்லி கண்ணை மூடித் திறந்தார். வயல், நெல் விளைகிற வயல் என்றார்.

"அப்ப 'வயலோட மௌனம்'னு போட்டா சோலி முடிஞ்சிரும்லா. சரி, வசனம் எத்தன பக்கம்?"

"வசனமே கிடையாது."

பதினெட்டு வருஷம் புரோட்டாக் கடை நடத்தியவர் ஒரு நாள் காலையில் கல்லைக் கவிழ்த்துவிட்டு விரதம் அறிவித்தால் தெருவே எப்படித் திகைக்கும், அப்படித் திகைத்தோம். பிறகு கைதட்டினோம். கதையையும் சொன்னார். ஒரு விவசாயி. விளைந்த வயல். தலைக்கு மேல் சாம்பல் நிற மேகம். அந்த மேகத்தடியில் பன்னிரண்டு பேர் அரிவாளால் அறுக்கிறார்கள். அவ்வளவுதான் படம். கிளைமாக்ஸுக்கு அவர் வைத்திருந்த பெயர் 'நம்பிக்கையின் அறுவடை'.

தேவை: ஒரு வயல், ஒரு 'மண்ணின் முகம்'. இரண்டையும் ஒரே ஆளிடமிருந்து வாங்கிக் கொடுத்த பெருமை என்னுடையது. அந்த ஆள் பலவேசம்.

பலவேசத்துக்கு ஊருக்கு மேற்கே ஒன்றரை ஏக்கர். கால்வாய்ப் பாசனம். அதில் விளைவது அவர் வீட்டுக்கு ஒரு வருஷச் சாப்பாடு, மிச்சம் அடுத்த பிசானப் பட்டத்துக்கு விதை. அவருடைய கிணற்று மோட்டாருக்கு இருபது வருஷமாக நான்தான் காயில் கட்டுகிறேன். மோட்டார் புகைந்தால் தூக்கிக்கொண்டு வந்து வைப்பார். நான் பார்த்து, காயில் போய்விட்டது என்றால் போய்விட்டது. ஓடும் என்றால் ஓடும். எதிர்க்கேள்வி கேட்டதில்லை. அப்படிப்பட்டவரிடம் நான் போய், படத்துக்கு வயல் வேண்டும் என்றேன். சரி அண்ணாச்சி என்றார்.

கிங்ஸ்லி அவரை வரப்பில் உட்காரவைத்து விளக்கினார். நீங்கள் நடிக்கவே வேண்டாம் ஐயா, வாழ்ந்தால் போதும்.

"வாழ்ந்தா வெள்ளிக்கிழமை அறுக்கணும்லா சார்," என்றார் பலவேசம்.

இங்கே ஒரு விஷயத்தைச் சொல்ல வேண்டும். எங்கள் பக்கத்தில் இப்போது யார் அரிவாள் எடுக்கிறார்கள்? வெளியூரிலிருந்து அறுப்பு மெஷின் வரும். கால்வாய்த் தலைமாட்டில் இறங்கினால் வயல் வயலாக வரிசையாக அறுத்துக்கொண்டே கடைமடை வரைக்கும் போகும். உங்கள் முறை வரும்போது நீங்கள் வரப்பில் நிற்க வேண்டும். முறையை விட்டால் மெஷின் உங்களுக்காகத் திரும்பி வராது. அடுத்த ஊர்க்காரர்கள் டிரைவருக்குப் புரோட்டா வாங்கிக்கொடுத்துக் காத்திருப்பார்கள். அது புரட்டாசிக் கடைசி. ஐப்பசி பிறந்தால் அடைமழை என்பது பள்ளிக்கூடம் போகாதவனுக்கும் தெரியும். பலவேசத்தின் முறை வெள்ளிக்கிழமை.

இரண்டே நாள், புதன் வியாழன், வெள்ளிக்கிழமை நீங்கள் ராஜா மாதிரி அறுக்கலாம் என்றார் கிங்ஸ்லி.

புதன்கிழமை காலை நாற்பது நிமிடம் வானம் அப்படியே அவர் எழுதியபடி இருந்தது. சாம்பல் நிற மேகம், கீழே பொன்னிற வயல், நடுவில் நான்கு நாள் தாடியோடு பலவேசம். கிங்ஸ்லி கண்கலங்கிவிட்டார். நாற்பத்தோராவது நிமிடம் வெயில் வந்தது. வியாழனும் வெயில். படப்பிடிப்பில் கன்டினியுட்டி என்று ஒரு தர்மம் உண்டு. முந்தின காட்சியில் எது எப்படி இருந்ததோ அடுத்த காட்சியிலும் அது அப்படியே இருக்க வேண்டும். அதைக் காவல் காக்க ஃபெமினா என்ற உதவி இயக்குநர் இருந்தாள். செல்போனில் எல்லாவற்றையும் படமெடுத்து வைத்திருந்தாள்: பலவேசத்தின் சட்டைக் கிழிசல், தாடியின் நீளம், வரப்போரத்துக் கதிர் எந்தப் பக்கம் சாய்ந்திருந்தது என்பது உட்பட. நேற்று வானம் சாம்பல், இன்று நீலம், ஒட்டாது என்று அவள் அறிக்கை சமர்ப்பித்தாள். எனவே மேகத்துக்காகக் காத்திருப்பது என்று ஏகமனதாக முடிவானது. அந்த ஏகமனதில் பலவேசம் இல்லை. அவர் சட்டையை மாற்றக் கூடாது என்ற உத்தரவோடு வரப்பில் நின்றுகொண்டிருந்தார்.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்கு மெஷின் வந்துவிட்டது. பக்கத்து வயலை முடித்துவிட்டு, பலவேசத்தின் வரப்போரம் நின்று டிரைவர் ஹாரன் அடித்தார். கிங்ஸ்லி கேமராவுக்குப் பின்னாலிருந்து நிமிர்ந்தார். அந்த மஞ்சள் பூதம் பின்னணியில் விழுகிறது, அதை அகற்றுங்கள் என்று என்னிடம் சொன்னார். என் கழுத்தில் 'உள்ளூர் ஒருங்கிணைப்பாளர்' என்று அச்சடித்த அட்டை தொங்கிக்கொண்டிருந்தது. மனிதன் வாழ்க்கையில் அத்தகைய அட்டை ஒரு முறைதான் கிடைக்கும். நான் மிகுந்த பொறுப்புணர்வோடு மெஷினை நோக்கி நடந்தேன்.

பலவேசம் குறுக்கே வந்தார். கூடவே அவர் மனைவி வடிவம்மாள்.

"அண்ணாச்சி, மெஷின விட்டா அடுத்து அம்பையிலதான் புடிக்கணும்."

அதற்கும் கிங்ஸ்லி வழி வைத்திருந்தார். படத்தின் கிளைமாக்ஸுக்காகத் திருநெல்வேலிக் கல்லூரி ஒன்றிலிருந்து நாடகப் பிள்ளைகள் பன்னிரண்டு பேர் அரிவாளோடு வரப்போகிறார்கள். வயல் முழுவதையும் அவர்களே அறுத்துக் கட்டிவிடுவார்கள். படத்துக்கு அறுத்தாலும் நெல் நெல்தானே? இதை நான் எடுத்துச் சொன்னேன். எனக்கே அது மிகவும் நியாயமாகப் பட்டது.

வடிவம்மாள் புருஷனைப் பார்த்துத்தான் பேசினாள். "நாடகத்துப் புள்ளைய அறுக்குமாம். எங்கன? பேனாவத் தவிர என்னத்தப் புடிச்சிருக்கும் அதுக கையி?"

பலவேசம் திரும்பினார். என்னைத்தான் பார்த்தார். மோட்டாரைக் கடைக்குள் இறக்கி வைத்துவிட்டுப் பார்ப்பாரே, அந்தப் பார்வை.

"நீங்க சொல்லுங்க அண்ணாச்சி. விடலாமா?"

"விடுங்க," என்றேன்.

மெஷின் அடுத்த வயலுக்குப் போய்விட்டது.

அதன்பிறகு நடந்த எட்டு நாட்கள் உலக சினிமாவின் பொற்காலம். சுற்றிலும் எல்லா வயலும் அறுத்துத் தாளாகக் கிடக்க, நடுவில் பலவேசத்தின் ஒன்றரை ஏக்கர் மட்டும் தனியாக நின்றது. அதைக் கிங்ஸ்லி 'காட்சிப்பூர்வமான தனிமை' என்றார். மயில்களும் அதையே நினைத்திருக்க வேண்டும். முன்பு நூறு வயலில் பிரிந்து மேய்ந்த மயில்கள் எல்லாம் இப்போது ஒரே வயலில் கூடின. வடிவம்மாள் தகரத்தைத் தட்டிக்கொண்டு ஓடுவாள். ஆனால் இது நேரடி ஒலிப்பதிவுப் படம். காற்றின் ஓசை, கதிர் உரசும் ஓசை, அவ்வளவுதான் பதிவாக வேண்டும். கிங்ஸ்லி அவளிடம் கைகூப்பிக் கேட்டுக்கொண்டார்.

"அம்மா, தகரத்தைத் தட்டாதீங்க. மௌனம் கெட்டுப்போகுது."

"மௌனமா இருந்தா மயிலு தின்னுட்டுப் போயிரும் சார்."

கிங்ஸ்லி பரவசமாகி இதை நோட்டில் எழுதிக்கொண்டார். பிறகு இந்தப் படத்தில் வசனம் கிடையாது என்பது நினைவுக்கு வந்து அடித்துவிட்டார். தகரம் ஃபெமினாவின் பொறுப்பில் வைக்கப்பட்டது. மயில்கள் அமைதியாகச் சாப்பிட்டன. அந்தக் காட்சி படத்தில் நான்கு நிமிடம் வருகிறது. மிக அழகாக இருக்கிறது.

ஐந்தாம் நாள் நாடகப் பிள்ளைகள் பன்னிரண்டு பேரும் வந்தார்கள். அரிவாளும் வந்தது. மேகம் வரவில்லை. பிள்ளைகள் 'மண்ணோடு உரையாடும்' பயிற்சியாகக் கண்ணை மூடி வரப்பில் படுத்துக் கிடந்தார்கள். மத்தியானம்வரை பொறுத்துப் பார்த்துவிட்டுப் பலவேசம் பைய வந்து, வந்த பிள்ளைகள் சும்மா கிடப்பதற்கு வெயிலிலேயே அறுக்கட்டுமே என்று கேட்டார்.

கிங்ஸ்லி அவர் தோளில் கை போட்டார். இயக்குநர்கள் நடிகர்களிடம் அப்படித்தான் பேசுவார்கள் என்று கேள்வி.

"ஐயா, வெயிலில் அறுத்தா அது அறுவடை. மேகத்தில் அறுத்தாத்தான் சினிமா."

பிள்ளைகள் சாயங்கால பஸ்ஸில் திருநெல்வேலி திரும்பினார்கள். மேகம் வந்ததும் திரும்ப அழைப்பதாக ஏற்பாடு.

அன்றைக்கு ஃபெமினா மட்டும் என்னிடம் வந்து, சார், அவங்க நெல்லு நெஜமாவே வெளஞ்சிருக்கா என்று கேட்டாள். ஆமாம் என்றேன். நான் இது செட்டு மாதிரின்னு நெனச்சிட்டேன் சார் என்றாள். பிறகு தகரத்தை எடுத்துக்கொண்டு போய் வடிவம்மாளிடமே கொடுத்துவிட்டாள். இந்த ஒழுங்கீனத்துக்காக இயக்குநர் அவளைக் கண்டித்ததை நான் பதிவு செய்ய வேண்டியிருக்கிறது.

நடுவில் பலவேசம் ஆள் தேடாமலில்லை. அரிவாள் பிடிக்கத் தெரிந்தவர்கள் நாலைந்து பேர் ஊரில் மிச்சம். அவர்களும் மெஷின் வந்த பிறகு வேறு வேலைக்குப் போய்விட்டார்கள். அம்பையில் மெஷினைப் பிடிக்கப் போனவரிடம், அதற்கு முன்னால் இருபது வயல் இருக்கிறது என்றார்களாம். திரும்பி வந்து என் கடை வாசலில் நின்றார். கிங்ஸ்லி சார் நாளைக்கு மேகம் வரும் என்கிறார், நாளைக்கு எல்லாம் முடிந்துவிடும் என்றேன். சரி அண்ணாச்சி என்று போய்விட்டார். எதிர்க்கேள்வி கேட்டதில்லை என்று முன்பே சொல்லியிருக்கிறேன்.

மேகம் ஐப்பசி இரண்டாம் தேதி வந்தது. மூன்று நாள் நின்று பெய்தது.

முதல் நாள் நெல் சாய்ந்தது. இரண்டாம் நாள் தண்ணீருக்குள் போய்ப் படுத்துக்கொண்டது. மூன்றாம் நாள் கதிரிலேயே முளை விட்டது. நாடகப் பிள்ளைகளுக்கு அன்று மாதத் தேர்வு. அம்பை லாட்ஜில் தங்கியிருந்த கிங்ஸ்லி, மழை கொஞ்சம் இரைச்சலைக் குறைத்ததும் ஓடி வந்தார். அவர் முகத்தில் அப்படியொரு ஒளியை நான் அதற்கு முன் பார்த்ததில்லை. வாழ்க்கை என்னைவிடப் பெரிய திரைக்கதாசிரியன் என்றார். வரப்பில் நின்றபடியே கடைசிப் பக்கத்தைக் கிழித்துப் போட்டுவிட்டு வேறு எழுதினார். நம்பிக்கையின் அறுவடை போய் 'அழிவின் அறுவடை' ஆயிற்று. ஆக, பத்தாவது முறையாக எழுத்தாளர் கிங்ஸ்லியின் கிளைமாக்ஸை ஓர் இயக்குநர் மாற்றினார். இந்த முறை எழுத்தாளர் எதிர்ப்பு எதுவும் தெரிவிக்கவில்லை.

கேமரா நனையக் கூடாதே என்று குடை பிடிக்கும் பணி எனக்கு ஒதுக்கப்பட்டது. பலவேசம் முழங்கால் தண்ணீரில் நின்று, ஒரு பிடி கதிரைத் தூக்கிப் பார்த்தார். ஒவ்வொரு நெல்லிலும் வெள்ளையாக ஒரு முளை. சட்டை அதே சட்டை. கன்டினியுட்டி பிரமாதம்.

அழ வேண்டாம் ஐயா, அடக்குங்கள் என்று கிங்ஸ்லி கத்தினார். பலவேசம் அழவில்லை. நிமிர்ந்து பார்த்தார். ஏதோ சொன்னார். கட், அபாரம் என்றார் கிங்ஸ்லி.

அடுத்த ஆண்டு, வருஷத்தில் பாதி நாள் இருட்டிலேயே கிடக்கிற ஒரு பனி ஊரில் நடந்த திரைப்பட விழாவில் 'ஒரு வயலின் மௌனம்' விருது பெற்றது. நடுவர் குழுவின் பாராட்டுரையைத் தமிழ்ப்படுத்திக் கழகத்தில் மாட்டியிருக்கிறோம்: 'ஓர் எளிய விவசாயியின் நம்பிக்கையை அழிக்கும் முகமற்ற சக்தியை, ஒரு முறைகூடத் திரையில் காட்டாமலேயே உணர்த்திய துணிச்சலுக்காக.'

பாராட்டு விழா அப்பளக் கம்பெனி மாடியிலேயே நடந்தது. பலவேசத்தையும் வடிவம்மாளையும் முதல் வரிசையில் உட்காரவைத்துப் பொன்னாடை போர்த்தினோம். அந்த வருஷம் முழுக்க அவர்கள் வீட்டில் ரேஷன் அரிசிதான் என்பதையும், பிசானத்துக்கு விதை கேட்டுப் பலவேசம் நாலு வீட்டு வாசலில் நின்றார் என்பதையும் வரவேற்புரையில் நான் குறிப்பிடவில்லை. விழாவின் தொனிக்குப் பொருந்தாது.

படம் முடிந்து விளக்குப் போட்டதும் ஆய்வுரை தொடங்கியது. எல்லாரும் கடைசிக் காட்சியைத்தான் பேசினார்கள். பலவேசம் நிமிர்கிறார், வாய் அசைகிறது, ஒலி இல்லை. மௌனத்தின் உச்சத்துக்காகக் கிங்ஸ்லி அந்தக் குரலை எடுத்துவிட்டிருந்தார். பலவேசத்தின் கண் கேமராவுக்குச் சற்று வலது பக்கம் எதையோ பார்க்கிறது. வானத்தை என்றார் ஒருவர். உலகச் சந்தையை என்றார் ஒரு பேராசிரியர். வரலாற்றை என்றார் இன்னொருவர்.

சிராஜுதீன் வழக்கம்போலக் கையைத் தூக்கினார்.

"அவரு என்னவே சொல்லுதாரு கடைசில? ஆளு இங்கனதான இருக்காரு, கேட்டாத் தெரிஞ்சிரும்லா."

அதைப் பார்வையாளரின் முடிவுக்கு விட்டுவிடுகிறேன் என்றார் கிங்ஸ்லி. கைதட்டல் அடங்க வெகுநேரமாயிற்று. அத்தனை சத்தத்திலும் வடிவம்மாள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். பலவேசம் பொன்னாடையை மடித்து மடியில் வைத்துக்கொண்டு தரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். கழகத்தின் சார்பில் நன்றியுரை கூறும் பொறுப்பு என்னுடையது என்பதால், அனைவருக்கும் நன்றி கூறி விழாவை முடித்தேன்.

ஆய்வாளர்களின் வசதிக்காக ஒரு தகவலை மட்டும் இங்கே பதிவு செய்கிறேன். பலவேசம் சொன்னது இதுதான்: "அண்ணாச்சி, நீங்கதான விடச் சொன்னிய."

கேமராவுக்கு வலது பக்கம் குடை பிடித்துக்கொண்டு நின்றது நான்.